சங்கத்தார் வென்ற வழக்கில் என் பங்கு

நான் பாரிசில் வந்து இறங்கியபோது உடம்பில் இருந்த குளிர்ச்சட்டைகூட இரவல். படிப்பு ஐந்தாம் வகுப்பு. பிரெஞ்சு இன்றைக்கும் எனக்கு வணக்கமும் நன்றியும் சொல்லுமளவுக்குத்தான் ஓடும். அப்படிப்பட்ட நான்தான் ஓர் உணவகத்தின் பின்னறையில் கோப்பை கழுவத் தொடங்கி, தமிழ்க் கடைகள் நிறைந்த லா சப்பலில், ரூ காய் என்ற தெருவில், பலசரக்குக் கடை போட்டேன். ஃபொபூர் சேன்-தெனித் தெருவில் இன்னொரு கடை போட்டேன். நகருக்கு வெளியே ஸ்தேனில் கூரை ஒழுகிய ஒரு பழைய பட்டறையை வாங்கிச் சாமான் டிப்போ ஆக்கினேன். உறைந்த மீனைக் கொண்டெய்னரில் இறக்கலாம் என்று நான் சொன்னபோது சிரித்த கடைக்காரர்கள் எல்லாரும் பிறகு என்னிடம்தான் மீன் எடுத்தார்கள். கடன் தரமுடியாது என்று கதவைக் காட்டிய வங்கியில் இப்போது எனக்குக் கோப்பி ஊற்றித் தருகிறார்கள். நான் அதைக் குடிப்பதில்லை. ஆறவிட்டுவிட்டு எழும்பி வருவேன்.

இத்தனையையும் கட்டும்போது என்னை ஒருவராலும் மறிக்க முடியவில்லை. குளிர் மறிக்கவில்லை, மொழி மறிக்கவில்லை, வரிக்கந்தோர்க்காரர் மட்டும் கொஞ்சம் மறித்துப் பார்த்தார்கள். என்னை நடுவழியில் நிறுத்தி, "முசியே, கொஞ்சம் நில்லுங்கோ" என்று சொல்லக்கூடியவர் இந்தப் பூமியில் ஒரே ஒருவர்தான் இருந்தார். அவர் சங்கத்தார். லா சப்பலில் அவரைப்போல ஒரு பிடிவாதக்காரர் அதற்கு முன் இருந்ததில்லை. இனி வேண்டுமென்றாலும் இறக்குமதி செய்ய முடியாது. இறக்குமதி தெரிந்தவன் சொல்கிறேன்.

சங்கத்தார் என் டிப்போவில் சாமான் ஏற்றி இறக்கும் ஆள். மன்னார்ப் பக்கம். ஆள் ஒல்லி, ஆனால் அரிசி மூட்டையைத் தோளில் வைத்தால் மூட்டைதான் அவரைப் பிடித்துக்கொண்டு போவதுபோல இருக்கும். அவரோடு இன்னும் மூன்று பேர். நாலு பேரும் சேர்ந்தால் ஒரு கொண்டெய்னரைத் தேத்தண்ணி ஆறுவதற்குள் வெறுமையாக்குவார்கள். பாரிசுக்கு வந்த புதிதிலேயே அவர் ஒரு பிரெஞ்சுத் தொழிற்சங்கத்தில் சேர்ந்துவிட்டார். அவர்கள் கொடுத்த சிவப்பு மேற்சட்டையை அன்றைக்குப் போட்டவர் பிறகு கழற்றவேயில்லை. கலியாண வீட்டுக்குக் கோட் சூட் போட்டு, அதற்கு மேல் அந்தச் சிவப்புச் சட்டையைப் போட்டுக்கொண்டு வருவார். தெரு முழுக்க அவரைச் சங்கத்தார் என்றே கூப்பிட்டது. சொந்தப் பெயர் என்ன என்று எனக்கு அவர் என்மேல் வழக்குப் போட்டபோதுதான் தெரிந்தது.

பாரம் தூக்குவதில் அவருக்கு ஒரு மார்க்கம் இருந்தது. நாரி, அதாவது இடுப்பு, பிடிக்காமல் இருக்க முதுகை வளைக்கக்கூடாது, முழங்காலை மடிக்கவேண்டும். கடையில் புட்டுமாப் பக்கற் தூக்கும் அம்மாவுக்கும் அதைச் சொல்லுவார், தேவாலயத்தில் மாதாவின் சுருவச் சிலை தூக்கும் ஆட்களுக்கும் சொல்லுவார். ஒரு கலியாணத்தில் மாப்பிள்ளை மாமனாரின் காலில் விழப் போனார். சபை அமைதியாக இருக்கிறது. பின்வரிசையிலிருந்து சங்கத்தாரின் குரல்.

"தம்பி, அப்பிடிக் குனியாதையும். முழங்காலை மடியும். முதல்நாளே நாரி போனால் பிறகு என்ன செய்வீர்?"

மாப்பிள்ளை முழங்காலை மடித்தார். வீடியோக்காரன் சிரித்துக் கமராவை ஆட்டியதில் அந்த ஆசீர்வாதம் முழுக்க ஆடிக்கொண்டே பதிவாகியது.

என்னோடு அவர் சண்டை பிடிக்கும் முறையைச் சொல்லவேண்டும். நல்ல நாளில் என்னை "அண்ணை" என்பார். கோபம் வந்தால் பிரெஞ்சுக்காரரின் ஐயா, அதாவது "முசியே" ஆகிவிடுவேன். விடிய டிப்போக் கதவைத் திறக்கும்போது "முசியே, ஒரு கதை" என்று குரல் கேட்டால் அன்றைக்கு எனக்குக் காலைச் சாப்பாடு இறங்காது.

ஒருமுறை குளிரறைக்குள் வேலை செய்யத் தடித்த கையுறை வேண்டும் என்றார். இருக்கிற கையுறையே போதும் என்றேன். வேலைநிறுத்தம் என்றார். அன்றைக்குப் பார்த்து நல்ல கோடை வெயிலில் மீன் கொண்டெய்னர் வந்து நின்றது. சங்கத்தார் மற்ற மூன்று பேரையும் கூப்பிட்டு முழு மீனையும் இறக்கிக் குளிரறைக்குள் அடுக்கி, கதவைச் சாத்தி, கையைத் துடைத்துவிட்டு, "இப்ப வேலைநிறுத்தம்" என்று வாசலில் போய் இருந்தார்.

"ஏன் காணும், இறக்காமல் விட்டிருந்தால் நான் உடனே கையுறை வாங்கியிருப்பனே?"

"மீன் என்ன குற்றம் செய்தது முசியே? பிரச்சினை எனக்கும் உங்களுக்கும்."

மத்தியானம் என் மனைவி அவர்கள் நாலு பேருக்கும் சோறு கொடுத்துவிட்டாள். சங்கத்தார் தொடவில்லை. வேலைநிறுத்தத்தில் முதலாளி வீட்டுச் சோறு தின்னக்கூடாதாம், அது சங்கத்துக்கு மானக்கேடாம். நான் சோற்றுப் பெட்டியைத் திருப்பித் தூக்கினேன்.

"என்ன கறி?" என்று கேட்டார்.

"கணவாய்."

"அக்கா சமைச்சதோ?"

"பின்னை நானோ சமைச்சன்?"

"அக்கா முதலாளி இல்லைத்தானே" என்று மற்றவர்களைப் பார்த்துத் தீர்ப்புச் சொல்லிவிட்டுப் பெட்டியை வாங்கிக்கொண்டார். சாப்பிட்டு முடிய முதல் நான் போய்க் கையுறை வாங்கி வந்தேன். பயத்தில் இல்லை. மீனை வடிவாக அடுக்கியிருந்தார்.

வழக்கு வந்த கதை வேறு. அந்த நாலு பேரும் என் சம்பளப் பட்டியலில் இல்லை. என் கணக்காளர் சொன்ன வழி அது. ஒவ்வொருவரும் தன் பெயரில் ஒரு தனியாள் கொம்பனி பதிந்துகொள்வது, கொண்டெய்னர் வந்தால் நான் கூப்பிடுவது, அந்தந்தக் கொம்பனி வந்து இறக்கிவிட்டுப் போவது. "சட்டப்படி இவர்கள் தொழிலாளிகள் இல்லை, உங்களைப்போல ஒவ்வொருவரும் ஒரு முதலாளி" என்றார் கணக்காளர். பாரிசில் பலபேர் செய்கிற முறைதான். நானும் செய்தேன்.

இதைக் கேட்ட அடுத்தநாள் சங்கத்தார் கழுத்துப்பட்டி கட்டிக்கொண்டு ரூ காய் கடைக்கு வந்தார். காசு வாங்கும் மேசைக்குப் பின்னால் என் கதிரைக்குப் பக்கத்தில் இன்னொரு கதிரையை இழுத்துப் போட்டு இருந்துகொண்டார்.

"என்ன காணும் இது? டிப்போவிலை லொறி நிக்குது."

"நிக்கட்டும் அண்ணை. நானும் முதலாளியாம். முதலாளிமார் லொறி இறக்குறதை நான் இஞ்சை காணேல்லை. நீங்கள் என்ன செய்யிறியளோ அதைத்தான் நானும் செய்யிறன்."

வாடிக்கையாளர் ஒருவர் வந்து முருங்கைக்காய் ஏன் இவ்வளவு விலை என்று கேட்டார். நான் வாய் திறக்க முதல் சங்கத்தார், "நாங்கள் முதலாளிமார் ரெண்டு பேரும் யோசிச்சுச் சொல்லுறம்" என்றார்.

கடைசியில் சங்கத்தார் சிரித்துக்கொண்டே எழும்பி லொறியை இறக்கப் போனார். ஆனால் அந்தச் சிரிப்பு நெடுநாள் நிற்கவில்லை. நாலு பேரில் ஒருவரான செபமாலைக்கு மா மூட்டை இறக்கும்போது நாரி பிடித்தது. நிமிர முடியாமல் வீட்டில் படுத்துவிட்டார். தொழிலாளி படுத்தால் இந்த நாட்டில் ஏதோ உதவி வரும். செபமாலை கடுதாசியில் முதலாளி. முதலாளி படுத்தால் படுத்ததுதான். அதே நேரம் பார்த்து என் கணக்காளர் இன்னொரு யோசனை சொன்னார். ஏற்றி இறக்கும் வேலை முழுவதையும் வெளியே ஒரு கொம்பனியிடம் கொடுத்துவிடலாம், அவர்கள் பாரந்தூக்கி வண்டியோடு வருவார்கள், ஆள் பிரச்சினை இல்லை. நான் அந்தக் கொம்பனிக்காரரை டிப்போவுக்குக் கூப்பிட்டு இடத்தைக் காட்டினேன். அவர் போன கையோடு கதவடியில் குரல் கேட்டது.

"முசியே, ஒரு கதை."

"சொல்லும்."

"அந்தக் கொம்பனி வந்தால் நாங்கள் நாலு பேரும் தெருவிலை. செபமாலை ஏற்கெனவே படுக்கையிலை. இது எங்கடை வேலை. நாங்கள் உங்கடை ஆக்கள் எண்டு கடுதாசியிலை எழுதித் தாங்கோ. இல்லாட்டி நான் வழக்குப் போடுறன்."

"போடும்" என்றேன். என்னை வெருட்டி ஒருவரும் ஒன்றும் வாங்கியதில்லை.

போட்டுவிட்டார்.

பதிவுத்தபால் வந்தது. முழுக்கப் பிரெஞ்சு. எங்கள் தெருவில் பிரெஞ்சுக் கடிதம் வந்தால் எல்லாரும் ஓர் ஆளிடம்தான் கொண்டுபோவார்கள். வீட்டு வாடகைக் கடிதமோ, பிள்ளையின் பள்ளிக்கூடக் கடிதமோ, எதுவானாலும் அவர் வாசித்து விளக்குவார். அந்த ஆள் சங்கத்தார். எனக்கும் என்றைக்கும் அவர்தான் வாசித்தது. பழக்கத்தில் கடிதத்தைத் தூக்கிக்கொண்டு அவரிடமே போய்விட்டேன். மூட்டையில் இருந்தபடி வாங்கி, கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, தான் என்மேல் போட்ட வழக்கைத் தானே எனக்கு வாசித்தார்.

"இதிலை உங்களைக் கொஞ்சம் கடுமையாச் சொல்லியிருக்கு அண்ணை. மனசிலை வைக்காதையுங்கோ, அது சட்டப் பாஷை."

"எவ்வளவு கடுமை?"

"முழுக்கச் சொல்லட்டோ, சுருக்கிச் சொல்லட்டோ?"

"முழுக்கச் சொல்லும். பயந்த ஆள் எண்டு நினைச்சீரோ?"

முழுக்கச் சொன்னார். கடைசியில், "நல்ல வக்கீலாப் பிடியுங்கோ, மலிவு பாக்காதையுங்கோ" என்றும் சொன்னார். நான் நல்ல வக்கீலாகத்தான் பிடித்தேன். ஒரு பிரெஞ்சுப் பெண். என் மகனை மொழிபெயர்ப்புக்கு வைத்து அவர் எனக்குச் சொல்லித் தந்தது ஒரே ஒரு பாடம். யார் என்ன கேட்டாலும், "அவர்கள் சுதந்திரமான ஆட்கள், விரும்பினால் வருவார்கள், விரும்பாவிட்டால் வரமாட்டார்கள்" என்று மட்டும் சொல்லவேண்டும். அதற்கு மேல் ஒரு சொல்லும் கூடாது. மகன் அதைத் தமிழில் திரும்பத் திரும்பச் சொல்லி என்னைப் பார்த்துப் பெருமூச்சு விட்டான்.

விசாரணை நாள் வந்தது. அன்றைக்கு ரயில்காரர் வேலைநிறுத்தம். மொழிபெயர்க்க வேண்டிய மகன் வேலையிடத்தில் மாட்டிக்கொண்டான். நான் கடையின் வான் வண்டியை எடுத்துக்கொண்டு புறப்பட்டேன். லா சப்பல் மெத்ரோ ரயில் பாலத்துக்குக் கீழே சங்கத்தாரும் மற்ற இரண்டு பேரும் போக வழியில்லாமல் நிற்கிறார்கள். நடுவில் செபமாலை, இடுப்பில் பட்டி கட்டிக்கொண்டு, தூணில் சாய்ந்தபடி. வழக்குப் போட்டவர்களைத் தெருவில் விட்டுவிட்டுப் போகிற பழக்கம் எனக்கில்லை. நிறுத்தினேன்.

"ஏறுங்கோ. செபமாலையை முன்னுக்கு இருத்துங்கோ, குலுக்காது."

கொஞ்சத்தூரம் போனபிறகு நான் சொன்னேன்: "பாத்தீரோ சங்கத்தார், உம்மடை வேலைநிறுத்தக்காரராலை என்ரை மகன் வரமுடியேல்லை."

"அவையளுக்கும் ஒரு முசியே இருப்பார்தானே அண்ணை" என்றார் பின்னாலிருந்து. செபமாலை சிரிக்கப் போய் நாரியைப் பிடித்துக்கொண்டார்.

நாங்கள் புருதோம் என்று சொல்லுகிற தொழில் நீதிமன்றம் அது. முதலில் சமரசம் பேசுவார்கள். மேசைக்குப் பின்னால் இரண்டு பேர் இருந்தார்கள். ஒருவர் முதலாளிமார் பக்கத்து ஆள், வழுக்கைத்தலை. மற்றவர் தொழிலாளர் பக்கத்து அம்மா. என் பேச்சை மொழிபெயர்க்க ஆளில்லை என்றதும் ஒத்திவைக்க வேண்டும் என்றார்கள். ஒத்திவைத்தால் இன்னும் மாதக்கணக்கு. செபமாலை நின்ற நிலையை நான் பார்த்தேன். எனக்கும் கடையை விட்டுவிட்டு இன்னொரு நாள் வரமுடியாது.

"சங்கத்தார் சொல்லட்டும்" என்றேன். "எனக்கு எப்பவும் அவர்தான் சொல்லுறது."

என் வக்கீலின் முகம் வெளுத்துப் போனது. மேசைக்காரர்கள் இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்தார்கள். வழுக்கைத்தலைக்காரர் ஏதோ கேட்டார். சங்கத்தார் எனக்குச் சொன்னார்: "எதிராளியை நம்புறியளோ எண்டு கேக்கினம்."

"நம்பாட்டி டிப்போத் திறப்புச் சாவியை உம்மட்டை ஏன் தந்து வைச்சிருக்கிறன் எண்டு சொல்லும்."

சொன்னார். அந்த அம்மா குனிந்து எதையோ எழுதினார். அதை எழுதியது எனக்கு நல்லதில்லை, வெளியாளிடம் யாரும் சாவி கொடுப்பதில்லை என்று பிறகுதான் விளங்கியது.

பிறகு கேள்வி வந்தது. நான் பாடத்தை ஒப்புவித்தேன். சுதந்திரமான ஆட்கள், விரும்பினால் வருவார்கள். நல்லாகத்தான் போனது. அப்போது அந்த வழுக்கைத்தலைக்காரர், என் பக்கத்து ஆள், ஒன்று கேட்டார். சங்கத்தார் அதைத் தமிழில் சொல்லக் கொஞ்சம் தயங்கினார்.

"என்ன கேக்கிறார்?"

"அவையள் விரும்பினபடி வந்து போறவையெண்டா, அந்த டிப்போவை உண்மையிலை ஆர் நடத்துறது, இவருக்கு அங்கை என்ன வேலை எண்டு கேக்கிறார்."

எனக்கு என்ன வேலையா? ஒழுகுகிற கூரையைத் தகரம் வாங்கி என் கையால் அடைத்த எனக்கா? நான் எழும்பிவிட்டேன். வக்கீல் என் கோட்டைப் பிடித்து இழுத்தார். இழுத்தால் இருக்கிற ஆளா நான்.

"சொல்லும் அவருக்கு. ஸ்தேனிலை என்ரை சொல்லில்லாமல் ஒரு மூட்டை ஏறாது, ஒரு மூட்டை இறங்காது. இவையள் எத்தினை மணிக்கு வரவேணும், எப்ப சாப்பிட வேணும், என்ன சப்பாத்துப் போடவேணும், எந்த மூட்டை எந்த மூலையிலை இருக்கவேணும், எல்லாம் நான்தான். பிந்தி வந்தால் ஏசுறது நான். வேறை ஒருத்தன்ரை லொறியை இவையள் தொட நான் விட்டதில்லை. அங்கை நான்தான் முதலாளி, ஒரேயொரு முதலாளி."

சொல்லி முடித்து நெஞ்சில் அடித்துக்கொண்டேன். சங்கத்தார் மொழிபெயர்க்கவில்லை. என்னைப் பார்த்துக்கொண்டு நின்றார். எத்தனையோ கொண்டெய்னர் இறக்கிய ஆள், அந்த ஒரு மூட்டையைத் தூக்க மாட்டாமல் நின்றார்.

"அண்ணை" என்றார் மெதுவாக. "இதைத்தான் நாங்கள் நிரூபிக்க வந்தது. இப்பிடி வேலை வாங்கினால் நாங்கள் உங்கடை ஆக்கள் எண்டுதான் சட்டம். இதை நான் பிரெஞ்சிலை சொன்னால் நீங்கள் தோத்தியள். ஒருக்கா இருந்து யோசிச்சுச் சொல்லுங்கோ. நான் காத்திருக்கிறன்."

மேசையில் இருந்த அம்மா அவரைக் கேட்டார், என்ன கதைத்தீர்கள் என்று. பொய் சொல்லத் தெரியாத மனிதர். இன்னது சொன்னேன் என்று அதையும் சொல்லிவிட்டார். செபமாலை பின்வரிசை இருக்கையில் இருந்து என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

தோற்பதா வெல்வதா என்று நான் யோசிக்கவில்லை. நான் நடத்துகிற டிப்போவை நான் நடத்தவில்லை என்று எப்படி என் வாயால் திரும்பச் சொல்வது?

"நான் சொன்னதைச் சொல்லும்" என்றேன். "ஒரு சொல்லும் குறைக்காதையும்."

அவர் சொன்னார். சும்மா சொல்லவில்லை. நான் குரலை உயர்த்திய இடத்தில் உயர்த்தினார், நான் கையை நீட்டிய இடத்தில் நீட்டினார், கடைசியில் தன் சிவப்புச் சட்டையில் என்னைப் போலவே அடித்துக்கொண்டார். என்னைப் பற்றி அவ்வளவு பெருமையாக யாரும் எந்த மொழியிலும் பேசியதில்லை. என் வக்கீல் தன் கோவையை மூடிவிட்டார். வழுக்கைத்தலைக்காரர் வாயைக் கையால் மறைத்தபடி கூரையைப் பார்த்தார்.

அன்றைக்கே சமரசம் எழுதியாயிற்று. நாலு பேரும் என் நிரந்தரத் தொழிலாளிகள். ஏற்றி இறக்கும் வேலை அவர்களுடையது. வெளிக் கொம்பனி வராது. செபமாலைக்குப் படுத்திருந்த காலத்துக்கும் தொழிலாளி என்ற உரிமை. நான் கையெழுத்து வைக்கும்போது எங்கே வைப்பது என்று சங்கத்தார்தான் விரலால் காட்டினார்.

திரும்பி வரும்போது பாலத்தடியில் சிவப்பு விளக்குக்கு நின்றபோது சங்கத்தார் சொன்னார்: "நீங்கள் வாயை மூடிக்கொண்டு இருந்திருந்தால் நாங்கள், அம்மாவாணை, தோத்திருப்பம்."

"எனக்கு அது தெரியாத வேலை" என்றேன்.

அடுத்தநாள் விடிய டிப்போவுக்கு எல்லாருக்கும் முதல் வந்து நின்றார். கையில் புது வேலை ஒப்பந்தம். முகத்தில் அப்படி ஒரு வெளிச்சம்.

"இண்டையிலை இருந்து நான் உங்கடை ஆள் அண்ணை. இனித்தான் உங்களோடை ஒழுங்காச் சண்டை பிடிக்கலாம்."

பிடித்தார். சப்பாத்துக்குப் பிடித்தார், உடுப்பு மாற்ற அறைக்குப் பிடித்தார். நான் வாங்கிய பாரந்தூக்கி வண்டியை யார் ஓட்டுவது என்று பிடித்துத் தானே போய் அனுமதிப் பத்திரம் எடுத்துவந்தார். என் டிப்போவில் அதற்குப் பிறகு ஒருவருக்கும் நாரி பிடிக்கவில்லை. செபமாலை இன்றைக்கும் என் களஞ்சியப் பொறுப்பில் இருக்கிறார். தெருவில் மற்றக் கடைக்காரர்களும் பயந்து தங்கள் ஆட்களுக்கு ஒப்பந்தம் எழுதினார்கள். சங்கத்தார் வருவார் என்று பயம் இல்லை. என்னைப் போலப் பேசிவிடுவோமோ என்று பயம்.

இப்போது அவருக்கு ஓய்வூதியம். தூரத்தில் துலூஸ் நகரில் மகளோடு இருக்கப் போய்விட்டார். இங்கே டிப்போ அமைதியாக இருக்கிறது. கேட்டதைச் செய்கிற பெடியள், கேள்வி கேட்காத பெடியள். இப்படி ஒரு டிப்போவை யார் நடத்துவது? காலையில் கதவைத் திறந்துவிட்டுக் கொஞ்சநேரம் அப்படியே நிற்கிறேன். ஒருவரும் "முசியே" என்று கூப்பிடுவதில்லை. நல்லாகச் சாப்பிடுகிறேன்.

போவதற்கு முன் அவருடைய தொழிற்சங்கத்துக்காரர் ஒரு மண்டபத்தில் பிரியாவிடை வைத்தார்கள். பொன்னாடை போர்த்தினார்கள். தமிழிலும் பிரெஞ்சிலும் அவரைப் பற்றி ஒரு சிறு மலர் அச்சடித்துக் கொடுத்தார்கள். அதில் அந்த வழக்கைப் பற்றி எழுதியிருக்கிறது. "தனது வாதத்திறமையால் ஒரு வியாபாரியைத் தோற்கடித்து" என்று.

ஒரு வியாபாரியாம்.

வாசகர்களே, அந்த வழக்கை வென்றது என் வாய். அவர் எனக்குத் தப்பிப்போக வழி காட்டினார், நான் போகவில்லை. அவர் இத்தனை காலம் சண்டை பிடிக்க ஓர் ஆள் அசையாமல் எதிரில் நின்றிருக்கவேண்டும். நின்றது நான். ஆகையால் அந்தச் சங்கத்துக்கு இந்தப் பத்திரிகை மூலமாக என் கோரிக்கையை வைக்கிறேன். மலரை மறுபடி அச்சடிக்கும்போது என் பெயரைப் போடவேண்டும். முதலாளி என்று போட்டாலும் சரி, எதிராளி என்று போட்டாலும் சரி, எழுத்து எவ்வளவு சின்னதாக இருந்தாலும் சரி. அவர் பெயருக்குப் பக்கத்தில் இருக்கவேண்டும்.